பீரோ என்கிற இரண்டு செயலாளர்கள்

பீரோவுக்கு அந்தப் பெயர் வந்தது பதினைந்தாவது வயதில். ஒரு நாள் வகுப்புக்குத் தாமதமாக வந்தவர், உள்ளே போகலாமா வேண்டாமா என்ற யோசனையில் வாசலிலேயே நின்றுவிட்டார். வகுப்பு இருட்டிவிட்டது. மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டிருந்த கணக்கு வாத்தியார் நிமிர்ந்து பார்த்து, "யாருடா பீரோவைக் கொண்டாந்து வாசல்ல வெச்சது? உள்ள தள்ளுங்கடா" என்றார். முன்வரிசையிலிருந்து நாலு பேர் எழுந்து வந்து நிஜமாகவே தள்ளினார்கள். அப்பா அம்மா ஆசை ஆசையாக வைத்த பெயர் அன்றோடு பள்ளிச் சான்றிதழுக்குள் ஒதுங்கிக்கொண்டது.

உடம்பு பீரோ என்றால், குரல் அதற்குள் மாட்டிக்கொண்ட எலிக்குஞ்சு. நாற்பது வயதிலும் அவர் தொலைபேசியை எடுத்து "ஹலோ" என்றால், மறுமுனையில் "பாப்பா, வீட்ல பெரியவங்க யாராவது இருக்காங்களா?" என்று கேட்பார்கள். அவரும் "இருங்க, கூப்பிடறேன்" என்று ரிசீவரைக் கீழே வைத்து, கொஞ்ச நேரம் கழித்து எடுத்து, தொண்டையைச் செருமிக்கொண்டு பேசுவார். அப்போதும் குரல் மாறாது. "மறுபடியும் நீயாம்மா?" என்பார்கள்.

கிரிக்கெட்டில் அவரை விக்கெட் கீப்பராக நிறுத்தினார்கள். பந்தைப் பிடித்துவிடுவார் என்ற நம்பிக்கையில் அல்ல, பந்து அவரைத் தாண்டிப் போக வழியில்லை என்பதால். மட்டையைப் பிடித்தால் அடி பலமாக விழும். ஆனால் ஓடுவதுதான் சிக்கல். கிளம்பிவிட்டால் நிற்கத் தெரியாது. எதிர்முனைக் கோட்டைத் தாண்டி, அம்பயரைத் தாண்டி, சில சமயம் அம்பயரையும் கூட்டிக்கொண்டு போய்விடுவார். இரண்டாவது ரன்னுக்கு அவர் வளைந்து திரும்பி வருவதற்குள் எதிரணி ஸ்டம்பைச் சாய்த்துவிட்டு, தண்ணீர் குடித்து, வாயும் துடைத்திருக்கும்.

ரக்பி அவருடைய வாழ்க்கைக்குள் வந்தது ஒரு மழை நாளில். மழையால் கிரிக்கெட் ஆட்டம் கைவிடப்பட்டு, வெள்ளை உடுப்போடு பேருந்துக்குப் போய்க்கொண்டிருந்தார். மைதானத்தின் மறுகோடியில் ரக்பி அணி ஒன்று ஓர் ஆள் குறைவாக நின்றது. அந்த அணியின் கேப்டன் இவரைப் பார்த்தார். பசித்தவன் பந்தியைப் பார்த்ததுபோலப் பார்த்தார்.

"தம்பி, ஒரு அரை மணி நேரம் எங்களோட நிக்க முடியுமா?"

"எனக்கு இந்த ஆட்டம் தெரியாதுங்களே."

"பந்து கைக்கு வந்தா ஓடணும். அவ்வளவுதான்."

"எந்தப் பக்கம்?"

"யாரும் இல்லாத பக்கம் ஓடு."

ரக்பியின் விதி ஒன்றும் பெரிய கம்பசூத்திரம் இல்லை. முட்டை வடிவப் பந்தை எடுத்துக்கொண்டு போய் எதிரணியின் கடைசிக் கோட்டைத் தாண்டித் தரையில் வைக்க வேண்டும். அதற்குள் எதிரணி உங்களைத் தரையில் வைக்கப் பார்க்கும். ஆனால் இதைக்கூட யாரும் பீரோவுக்குச் சொல்லவில்லை. பந்து கைக்கு வந்தது. சுற்றிலும் பார்த்தார். மைதானம் முழுக்க ஆட்கள். யாருமே இல்லாத பக்கம் என்று பார்த்தால் வெளிக்கதவுதான் இருந்தது. ஓடினார். கோட்டைத் தாண்டி, கதவைத் தாண்டி, தெருவில் இறங்கி, பேருந்து நிறுத்தத்தில்தான் நின்றார். அங்கே குடை பிடித்துக்கொண்டிருந்த அம்மாள் ஒருவர், "அது என்னப்பா, பூசணிக்காயா?" என்று கேட்டார். பின்னாலேயே இரண்டு அணிகளும் ரெஃப்ரியும் மூச்சிரைக்க வந்து சேர்ந்தார்கள். அவரைத் துரத்திய எதிரணியில் ஒருவரால்கூட அவரைத் தொட முடியவில்லை என்பதை மட்டும் கேப்டன் கவனித்து வைத்துக்கொண்டார். அடுத்த வாரமே சட்டை தைத்துக் கொடுத்தார்கள். ஒரு சட்டைக்கு இரண்டு சட்டைத் துணி ஆனது.

இப்படியாக வெயில் காலத்தில் கிரிக்கெட், மழைக்காலத்தில் ரக்பி என்று பீரோவின் ஆண்டு இரண்டாகப் பிரிந்தது. வாரநாட்களில் தபால் நிலையத்தில் கடிதங்களைப் பகுதிவாரியாகப் பிரித்து மரப்பெட்டிகளில் போடும் வேலை. மூளை என்னவோ தெளிவாகத்தான் இருந்தது. உடம்புதான் பருவம் மாறியதைக் கவனிக்காது. ரக்பி முடிந்து கிரிக்கெட் தொடங்கிய முதல் ஞாயிற்றுக்கிழமை, எதிரணி ஆட்டக்காரர் ஒருவர் பந்தை மெல்லத் தட்டிவிட்டு ஒரு ரன்னுக்குப் பாய்ந்தார். தன் முன்னால் ஒருவன் ஓடுவதைப் பார்த்ததும் பீரோவின் தோள் தானாகக் கீழே இறங்கியது. அடுத்த நொடி, மட்டையும் மனிதருமாக அவரை இடுப்போடு வளைத்துத் தூக்கி, புல்லில் பதமாகக் கிடத்தினார். கிடத்திய பிறகுதான் ஞாபகம் வந்தது.

"ஐயோ, மன்னிச்சிருங்க! இது அந்த ஆட்டம் இல்லல்ல?"

அம்பயர் சட்டைப்பையிலிருந்து விதிப் புத்தகத்தை எடுத்துப் புரட்டினார். வேண்டுமென்றே வழிமறிப்பதைப் பற்றி இருந்தது. வாஞ்சையோடு படுக்க வைப்பதைப் பற்றி ஒரு வரியும் இல்லை.

அப்போது எல்லைக்கோட்டுக்கு வெளியே, நாலு நிறப் பேனாக்களோடு மேசை போட்டு உட்கார்ந்திருந்த ஸ்கோரர் எழுந்து நின்றார். ஒல்லியான பெண். ஸ்கோர் நோட்டில் ஓர் அடித்தல் திருத்தல் இருக்காது என்று பேரெடுத்தவர். "சார்! இதை நான் எந்தக் கட்டத்துல எழுதறது?" என்று கத்தினார். அம்பயர் மறுபடியும் விதிப் புத்தகத்தைப் புரட்டினார். கடைசியில் ஸ்கோரரே பச்சை மையில் 'அரவணைப்பு – 1' என்று எழுதி, கீழே கோடும் போட்டார்.

ஆட்டம் முடிந்ததும் பீரோ மன்னிப்புக் கேட்கப் போனார். கேட்க வேண்டிய ஆளிடம் அல்ல, ஸ்கோரரிடம்.

"உங்க நோட்டைக் கெடுத்துட்டேன்."

"கெடுக்கல. புதுசா ஒரு கட்டம் போட வெச்சிட்டீங்க. பேரைச் சரியாச் சொல்லுங்க, எழுதணும்."

பீரோ தன் நிஜப் பெயரைச் சொன்னார். அந்தக் குரலைக் கேட்டுச் சிரிக்காத முதல் ஆள் அவர்தான். எழுத்துப்பிழை வந்துவிடக் கூடாதே என்ற கவனத்தில் இருந்தார்.

பீரோவுக்கு நேரில் பேச வராது, எழுதினால் வரும். அந்த வருஷம் முடிவதற்குள், கல்யாணம் செய்துகொள்ளச் சம்மதமா என்று கேட்டு இரண்டு பக்கக் கடிதம் எழுதி, அஞ்சல் தலை ஒட்டி, தானே பிரித்து, தானே உரிய பெட்டியில் போட்டார். நாலாம் நாள் அதே கடிதம் திரும்பி வந்தது. சிவப்பு மையில் ஏழு இடத்தில் திருத்தம். அடியில், 'இரண்டாம் பத்தியில் சொன்னதையே மூன்றாம் பத்தியிலும் சொல்லியிருக்கிறீர்கள். சம்மதம்' என்று இருந்தது.

ஸ்கோரரை வீட்டுக்காரியாக அடைந்த மனிதருக்கு ஒரு வசதி உண்டு, ஓர் இடைஞ்சலும் உண்டு. வசதி, எதுவும் தொலைந்து போகாது. இடைஞ்சலும் அதேதான்.

முப்பத்து நாலாம் வயதில் அவருடைய ஆட்டம் முடிந்தது. எத்தனையோ மனிதர்கள் மொத்தமாக மேலே விழுந்தும் அசையாத முழங்கால், தன் வீட்டு நடையில் தானே போட்டு வைத்திருந்த கிரிக்கெட் பையில் தடுக்கி விழுந்ததில் போனது. "பை எத்தனை நாளா அங்கயே கிடக்குன்னு தேதியோட சொல்லட்டுமா?" என்று மனைவி கேட்டார். பீரோ கட்டுப் போட்ட காலைத் தடவிக்கொண்டு, வேண்டாம் என்று தலையை ஆட்டினார்.

மறு வருஷம் ரக்பிக்கும் கிரிக்கெட்டுக்கும் அவரே பயிற்சியாளர் ஆனார். கத்தினால் குருவி பறக்குமே தவிர ஆட்டக்காரர் அசைய மாட்டார்கள் என்பதால், கழுத்தில் ஒரு விசிலைக் கட்டிக்கொண்டார். ஒரு ஊதல் என்றால் ஓடு, இரண்டு என்றால் நில், மூன்று என்றால் "நான் இவ்வளவு நேரம் சொன்னதுக்கு நேர்மாறா ஒண்ணு பண்றியே, அது ஏன்?" என்று அர்த்தம். மூன்றுதான் அதிகம் கேட்டது.

ஆனாலும் சும்மா சொல்லக்கூடாது, கெட்டிக்காரப் பயிற்சியாளர். ரக்பியில் 'ஸ்க்ரம்' என்று ஒன்று உண்டு. பக்கத்துக்கு எட்டுப் பேர் தோளோடு தோள் கோத்து, தலையைக் குனிந்து, எதிரிலிருக்கும் எட்டுப் பேரை மொத்தமாகத் தள்ளுவது. அவருடைய அணிக்கு அது வரவே இல்லை. எட்டுப் பேரும் எட்டுத் திசையில் தள்ளினார்கள். ஒரு சனிக்கிழமை பீரோ எட்டுப் பேரையும் தன் வீட்டுக்கு வரச் சொன்னார்.

"இன்னைக்குப் பயிற்சி இங்கதான். எதிர்ல எட்டு ஆளுக்குப் பதிலா ஒரு பீரோவை வெச்சுத் தள்ளப் போறோம்."

"உங்களையா சார்?"

"என்னை இல்லடா, இரும்பு பீரோ! அதோ, அறையில இருக்கு பாருங்க. எல்லாரும் ஒரே நேரத்துல, ஒரே பக்கம் தள்ளினாத்தான் நகரும்."

தள்ளினார்கள். முதல் தடவை சுவர்தான் பெயர்ந்தது. இரண்டாம் தடவை ஓர் அங்குலம். மதியத்துக்குள் எட்டுப் பேரும் ஒரே மூச்சாகத் தள்ளப் பழகிவிட்டார்கள். பீரோ நடைக்கு வந்தது, படியிறங்கியது, தெருவுக்கு வந்தது. அடுத்துக் கட்டிலை வைத்துப் பயிற்சி, பிறகு சாப்பாட்டு மேசை. சாயங்காலம் ஸ்கோரர் ஆட்டம் முடிந்து வந்து பார்த்தபோது வீட்டில் ஒரு துடைப்பம்கூட இல்லை. எட்டுப் பேரும் இரண்டு தெரு தள்ளி, பீரோவும் மனைவியும் குடிபோகவிருந்த புது வீட்டின் இரண்டாம் மாடியில் மல்லாந்து கிடந்தார்கள். அந்தப் பருவம் முழுக்க அந்த அணியின் ஸ்க்ரமை யாராலும் ஓர் அடி பின்னால் தள்ள முடியவில்லை. "வீடு மாத்தறதுக்கு எட்டுப் புள்ளைங்களை ஏமாத்தினீங்களே" என்று மனைவி சொன்னபோது, "ரெண்டும் நிஜம்தான்மா" என்றார் பீரோ. அதுவும் நிஜம்தான்.

பிறகு பதவி வந்தது. கிரிக்கெட் சங்கத்தின் ஆண்டுக் கூட்டத்துக்கு அவர் போகவில்லை. போகாதவரால் மறுக்க முடியாது என்பதால் அவரையே செயலாளராக்கினார்கள். பதறிப்போய், இனி எந்தக் கூட்டத்தையும் தவறவிடக் கூடாது என்று ரக்பி சங்கக் கூட்டத்துக்கு நேரத்தோடு போனார். அங்கே அவர் ஒருவர்தான் வந்திருந்தார். அங்கேயும் செயலாளர்.

இரண்டு சங்கத்துக்கும் ஒரே அலுவலகம்: தையல் கடைக்கு மேலே ஓர் அறை. ஒரு மேசை, ஒரு நாற்காலி, கீழேயிருந்து எந்நேரமும் தையல் இயந்திரத்தின் கடகட. மேசையின் இடது இழுப்பறை கிரிக்கெட், வலது இழுப்பறை ரக்பி. இரண்டுக்கும் தனித்தனி முத்திரை, தனித்தனி கடிதத் தாள். மைதானமும் ஒன்றுதான். அதன் நடுவில் கிரிக்கெட் பிட்ச், மைதானத்தின் இரண்டு கோடியிலும் ரக்பியின் கோல் கம்பங்கள்.

சண்டை அந்த பிட்சில்தான் தொடங்கியது. மைதானத்தைப் பராமரிப்பவர் ஒருவர் உண்டு. எல்லாரும் அவரை ரோலர் அண்ணன் என்பார்கள். தன் பிள்ளைக்குத் தலை வாரிவிடுவதுபோல பிட்சை உருட்டி உருட்டி வைத்திருப்பவர். ஒரு திங்கட்கிழமை அவர் மாடியேறி வந்து, மேசை மேல் ஒரு மண்கட்டியை வைத்தார்.

"இது என்னண்ணே?"

"பிட்சு. மிச்சம் இருக்கறது இதுதான். உன் ரக்பிக்காரப் பசங்க ஆணிச் செருப்போட நடுவுல மிதிச்சு உழுதுட்டாங்க. விதை போட்டா முளைக்கும்."

"எழுதிக் குடுங்கண்ணே, நடவடிக்கை எடுக்கறேன்."

"எனக்கு எழுதறதுக்கெல்லாம் நேரமில்ல. நீ எதையாவது எழுதிக்கோ" என்று ரோலர் அண்ணன் இறங்கிப் போய்விட்டார்.

தபால் துறையில் இருபது வருஷம் இருந்தவருக்கு, எழுத்தில் இல்லாத எதுவும் நடந்ததாகவே தோன்றாது. பீரோ இடது இழுப்பறையைத் திறந்து தாளை எடுத்தார்.

'பெறுநர்: செயலாளர், ரக்பி சங்கம். பொருள்: பிட்ச் உழப்பட்டது தொடர்பாக. பார்வை: இன்று காலை மண்கட்டியை நேரில் பார்த்தது. ஐயா, தங்கள் ஆட்டக்காரர்களின் பொறுப்பற்ற செயலை எங்கள் சங்கம் வன்மையாகக் கண்டிக்கிறது. ஒரு வாரத்துக்குள் விளக்கம் தேவை.'

கையெழுத்துப் போட்டார், முத்திரை குத்தினார், உறையில் போட்டு ஒட்டினார். ஒரே மேசையின் இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கம் தள்ளிவிட்டிருக்கலாம். ஆனால் அது முறையில்லை. மறுநாள் தபால் நிலையத்தில் முறைப்படி அனுப்பி, தானே பிரித்துப் போட்டார். வியாழக்கிழமை தபால்காரர் கொண்டுவந்து கொடுத்தார். பீரோ பிரித்துப் படித்தார். படிக்கப் படிக்க முகம் சிவந்தது. 'பொறுப்பற்ற' என்ற சொல் அவரைச் சுட்டது. அவருடைய பையன்களைப் பற்றி எழுத இந்த ஆள் யார்? வலது இழுப்பறையைத் திறந்தார்.

'ஐயா, தங்கள் கடிதத்தின் தொனி வருந்தத்தக்கது. நான்கு மாதம் மைதானத்தின் நடுவில் கயிறு கட்டி ஆக்கிரமிப்பது யார் என்பதை ஊர் அறியும். ஒரு நாள் முழுக்க நின்று, நடுவில் தேநீரும் குடிக்கும் ஆட்டத்துக்கு இவ்வளவு இடம் எதற்கு?'

சனிக்கிழமை அந்தக் கடிதம் வந்து சேர்ந்தபோது, தேநீரை இழுத்ததுதான் அவருக்குப் பொறுக்கவில்லை. அன்று வீட்டுக்கு வந்தவர் சட்டையைக் கூடக் கழற்றாமல் அங்குமிங்கும் நடந்தார்.

"யார் மேல இவ்வளவு கோவம்?" என்று கேட்டார் மனைவி.

"அந்த ரக்பி செயலாளர் மேலதான். என்ன திமிரா எழுதியிருக்கான் பாரு."

"அது நீங்கதானே?"

"அது வேற."

"கையெழுத்து உங்களோடதுதானே?"

"பதவியில இருக்கறவன் போடற கையெழுத்து, மனுஷன் போடற கையெழுத்து இல்லம்மா. உனக்குப் புரியாது."

மனைவி நோட்டை எடுத்துத் தேதி போட்டு ஏதோ குறித்துக்கொண்டார்.

இரண்டு மாதத்தில் முப்பத்தொரு கடிதம். பதினெட்டாம் கடிதத்திலிருந்து நகல் மைதானக் குழுத் தலைவருக்கும் போனது. தலைவர் ஒரு பல் டாக்டர், சாந்தமான மனிதர். இரு செயலாளர்களையும் சமாதானப் பேச்சுக்குத் தன் மருத்துவமனைக்கு வரச் சொன்னார். சொன்ன நேரத்துக்கு இரு செயலாளர்களும், அதாவது பீரோ, வந்தார்கள்.

"வாங்க, உக்காருங்க. இன்னொருத்தர்?" என்று கேட்டுவிட்டு, டாக்டர் தானே நெற்றியில் தட்டிக்கொண்டார். "சரி. கிரிக்கெட் தரப்பு அந்த ஸ்டூல்ல, ரக்பி தரப்பு இந்த நோயாளி நாற்காலியில. முதல்ல கிரிக்கெட்."

பீரோ ஸ்டூலில் உட்கார்ந்து, பிட்சின் புனிதத்தைப் பற்றிப் பத்து நிமிஷம் பேசினார். டாக்டருக்கே கண் கலங்கியது. பிறகு எழுந்து, சாயும் நாற்காலியில் ஏறி, "அபாண்டம் டாக்டர்!" என்று ஆரம்பித்தார். ஆவேசத்தில் கால் பெடலில் பட்டு, நாற்காலி மெல்லப் பின்னால் சாய்ந்தது. ரக்பி சங்கத்தின் மீதி வாதம் முழுவதும் மேற்கூரையைப் பார்த்தே நடந்தது. நடுநடுவே கிரிக்கெட் தரப்பு குறுக்கிட விரும்பியபோது நாற்காலியிலிருந்து இறங்கி, சுற்றிக்கொண்டு ஸ்டூலுக்குப் போய், "ஒரு நிமிஷம், நான் குறுக்கிடறேன்" என்று சொல்லிவிட்டுத் திரும்பி வந்தார்.

வெளியே பல் பிடுங்கக் காத்திருந்தவர், உள்ளே கீச்சுக் குரலில் ஒருவர் "விடுங்க! விட மாட்டேன்! விடுங்கன்னா!" என்று மாறி மாறி அலறுவதைக் கேட்டு, வலியோடே வீட்டுக்குப் போய்விட்டார்.

பேச்சுவார்த்தை தோல்வியில் முடிந்தது. இரு தரப்பும் கைகுலுக்காமல் பிரிந்தன.

அதன் பலன் அந்த வருஷக் கடைசியில் தெரிந்தது. கிரிக்கெட் இறுதி ஆட்டத்தை ஒரு ஞாயிற்றுக்கிழமைக்குக் கிரிக்கெட் செயலாளர் பதிவு செய்தார். மழையால் தள்ளிப்போயிருந்த ரக்பி இறுதி ஆட்டத்தை அதே ஞாயிற்றுக்கிழமைக்கு ரக்பி செயலாளர் பதிவு செய்தார். எதிராளி விட்டுக்கொடுப்பான் என்று இருவருமே நம்பினார்கள். இருவருமே வளைந்து கொடுக்கவில்லை.

ஞாயிறு காலை எட்டு மணிக்கு மைதான வாசலில் நாலு அணிகள், இரண்டு அம்பயர்கள், ஒரு ரெஃப்ரி, நாலு நிறப் பேனாக்களோடு ஸ்கோரர். பெரிய கதவு உள்ளே பூட்டியிருந்தது. கம்பி வழியாகப் பார்த்தால், பிட்சின் நட்டநடுவில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு, குடை பிடித்து, ரோலர் அண்ணன் உட்கார்ந்திருந்தார். கதவில் ஓர் அட்டை கட்டியிருந்தது: 'செயலாளர் ஒருவர் மட்டும் உள்ளே வரலாம்.'

"எந்தச் செயலாளர்?" என்று கிரிக்கெட் அணிகள் கேட்டன.

"எங்களோடவர்தான்" என்றன ரக்பி அணிகள்.

பீரோ பக்கத்துச் சின்னக் கதவில் உடம்பைக் குறுக்காகத் திருப்பி, மூச்சை அடக்கி, இரண்டு சட்டைப் பொத்தானை அங்கேயே விட்டுவிட்டு உள்ளே போனார். பிட்சுக்கு வெளியே செருப்பைக் கழற்றிவிட்டு நின்றார்.

"அண்ணே, எழுந்திருங்கண்ணே. மானம் போகுது."

"எழுந்திருக்கறேன். ஒண்ணே ஒண்ணு சொல்லு. உனக்கு எது வேணும்? இதுவா, அதுவா? கம்பத்தைப் பிடுங்கறதா, பிட்சை மூடறதா? நீ சொல்றதை நான் செஞ்சுட்டுப் போறேன்."

பீரோ கதவுப் பக்கம் திரும்பிப் பார்த்தார். வெள்ளை உடுப்பில் பாதிப் பேர், கோடு போட்ட சட்டையில் பாதிப் பேர், கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். அதில் முக்கால்வாசிப் பேருக்கு எப்படி நிற்பது, எப்படி விழுவது என்று சொல்லிக்கொடுத்தது அவர்தான். முப்பத்தொரு கடிதத்திலும் எழுதாத ஒன்று அப்போதுதான் வாய்க்கு வந்தது.

"ரெண்டும்தாண்ணே வேணும்" என்றார். குரல் வழக்கத்தைவிட இன்னும் ஒரு கட்டை மேலே போயிருந்தது. "ரெண்டுலயும் நான் பெரிய ஆட்டக்காரன் இல்ல. ஆனா ஒண்ணை விடுன்னா, எந்தக் கையை வெட்டணும்னு கேக்கற மாதிரி இருக்கு."

ரோலர் அண்ணன் குடையை மடக்கினார்.

"ஒண்ணு சொல்றேன், கோவிச்சுக்காத. கம்பத்தைக் கிழக்கால அம்பது தப்படி தள்ளி நட்டா, பிட்சு கோட்டுக்கு வெளிய வந்துரும். யாரும் மிதிக்க வேண்டியதே இல்ல. இடம் தாராளமா இருக்கு."

பீரோ வாயைப் பிளந்தார். "அண்ணே! இதை ஏண்ணே முன்னாடியே சொல்லல?"

"யார் கேட்டா? லெட்டரெல்லாம் உன்கிட்டேருந்து கிளம்பி உன்கிட்டயே வந்துட்டிருந்துது."

"நீங்களா வந்து சொல்லியிருக்கலாமே!"

ரோலர் அண்ணன் கிழக்கே கை காட்டினார். "கிழக்கால என் தக்காளிச் செடி இருக்குப்பா. நாப்பது செடி. அதான் வாயைத் திறக்கல."

அதற்கப்புறம் நடந்ததை ஸ்கோரர் நோட்டில் இன்றும் பார்க்கலாம். ஒன்பது மணிக்குப் பெரிய கதவு திறந்தது. ஒன்பதரைக்குக் கிரிக்கெட் தொடங்கியது. அதே நேரத்தில் முப்பது ரக்பிக்காரர்கள் கடப்பாரையும் மண்வெட்டியுமாகக் கம்பங்களைத் தோண்டி, தோளில் தூக்கி, ஐம்பது தப்படி எண்ணி நடந்தார்கள். எண்ணிக்கை இரண்டு முறை தப்பி, ஒரு கம்பம் சற்று நேரம் தெருவுக்கே போய்விட்டது. நாற்பது தக்காளிச் செடிகளையும் வேரோடு, மண்ணோடு, கைக்குழந்தையைத் தூக்குவதுபோல நெஞ்சோடு அணைத்து எடுத்துப் போய், கம்பம் இருந்த பழைய இடத்தில் நட்டார்கள். ஒவ்வொரு செடிக்கும் ரோலர் அண்ணன் கூடவே நடந்தார். "தலை, தலை! தலையைப் பிடிச்சுக்கோ!" கிரிக்கெட் ஆட்டம் மதியம் முடிந்தது, ரக்பி அதன் பிறகு தொடங்கியது. இடையில் தக்காளிச் செடி நடுவே விழுந்த ஒரே ஒரு சிக்ஸரைத் தேடிப் போக மட்டும் யாருக்கும் அனுமதி கிடைக்கவில்லை.

ஆனால் இவ்வளவு களேபரத்துக்கும் யாராவது ஒருவர் பொறுப்பேற்க வேண்டுமே. கிரிக்கெட் சங்கம் கூடி, ரக்பி செயலாளர் விலக வேண்டும் என்று தீர்மானம் போட்டது. ரக்பி சங்கம் கூடி, கிரிக்கெட் செயலாளர் விலக வேண்டும் என்றது. பீரோ ஒழுங்கான மனிதர். இரண்டு தீர்மானத்துக்கும் மதிப்புக் கொடுத்து இரண்டு ராஜினாமாக் கடிதம் எழுதினார். உடனே இரண்டு சங்கமும் கொதித்தன. "எங்காள் என்ன தப்புப் பண்ணினார்? அந்த ஆள் செஞ்சதுக்கு எங்க ஆளை ஏன் பலி குடுக்கறீங்க?" இரண்டு ராஜினாமாவும் ஏற்கப்படவில்லை.

பல் டாக்டர்தான் முடிவு சொன்னார். "ஒரு ஆளுக்கு ஒரு பதவி. எதுன்னு நீங்களே சொல்லுங்க சார்."

மறுபடியும் அதே கேள்வி. அப்போது பின்வரிசையிலிருந்து மனைவி எழுந்து நின்றார்.

"கிரிக்கெட்டை நான் பாத்துக்கறேன். இருபது வருஷமா ஒவ்வொரு பந்தையும் எழுதினவ நான். எது எங்க தப்பாப் போச்சுன்னு தேதியோட சொல்லுவேன்."

கடைசி வாக்கியத்தைக் கேட்டதும், அந்தச் சங்கத்தில் யாருக்குமே எதிர்த்துப் போட்டியிடத் துணிச்சல் வரவில்லை. ஏகமனதாகத் தேர்ந்தெடுத்தார்கள். பீரோ இரண்டு கையையும் தூக்கினார். ஒரு கை மட்டும் எண்ணப்பட்டது.

முதல் வாரமே உரசல் வந்தது. பிட்சை மூடும் தார்ப்பாயை ரக்பிக்காரர்கள் தங்கள் பந்தலுக்கு இரவல் வாங்கிப்போய்த் திருப்பித் தரவில்லை. ரக்பி செயலாளராக நீடித்த பீரோ, தன் வழக்கப்படி, மழையின் போக்கு, இரவலின் மரபு, இரு சங்கங்களின் நீண்டகால நல்லுறவு என்று மூன்று பக்கம் எழுதித் தபாலில் போட்டார். இரண்டு மாதம் தன் பதிலைத் தானே எழுதிப் பழகியவருக்கு, இந்தக் கடிதத்துக்கு என்ன பதில் வரும் என்பது ஓரளவு தெரிந்தேயிருந்தது. அதற்கு மறுப்பும் தயார்.

தபால் அவர் நினைத்த நாளில் வந்தது. உள்ளே ஒரே ஒரு வரி. 'நாளை காலைக்குள் தார்ப்பாய் வர வேண்டும்.' கூடவே அவருடைய மூன்று பக்கமும் சிவப்பு மையில் திருத்தித் திருப்பி அனுப்பப்பட்டிருந்தது.

அதை இரண்டு தடவை படித்தார். தயாராக வைத்திருந்த மறுப்பை எடுத்துப் பார்த்தார். அந்த ஒரு வரிக்கு எந்தப் பக்கத்திலிருந்தும் பொருந்தவில்லை. கீழே தையல் இயந்திரம் கொஞ்ச நேரம் நின்று, மறுபடி ஓடத் தொடங்கியது.

மறுநாள் காலை ரோலர் அண்ணன் தக்காளிச் செடிக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தபோது, சுருட்டிய தார்ப்பாயைத் தோளில் போட்டுக்கொண்டு பீரோ நொண்டி நொண்டி வந்து சேர்ந்தார்.

"என்னப்பா, நீயே தூக்கிட்டு வர்றே? ஆள் இல்லையா?"

"மேலிடத்து உத்தரவுண்ணே" என்றார் பீரோ. தார்ப்பாயை பிட்சுக்குப் பக்கத்தில் இறக்கி வைத்துவிட்டு, நிமிர்ந்து, இடுப்பில் கை வைத்துக்கொண்டார். முகத்தில் அப்படியொரு நிம்மதி. "அவங்க சொல்றதுதான் சரியும்கூட."